ரூபாயிலிருந்து வெள்ளி போன கதை

(பத்தாம் வகுப்பு ‘ஆ’ பிரிவு மாணவி)

“வெளுத்ததெல்லாம் பாலல்ல, மின்னுவதெல்லாம் பொன்னல்ல” என்பது நம் முன்னோர் வாக்கு. மின்னும் ரூபாயெல்லாம் வெள்ளி ரூபாய் அல்ல என்பதையும் அதனோடு சேர்த்துக்கொள்ளலாம். இதை நான் எங்கள் ஆச்சியின் பெட்டியில் கிடந்த இரண்டு காசுகளிடமிருந்து கற்றுக்கொண்டேன். ஒன்று விக்டோரியா மகாராணியின் தலை பொறித்த 1885-ஆம் ஆண்டு ரூபாய். மற்றொன்று ஆறாம் ஜார்ஜ் மன்னரின் தலை பொறித்த 1944-ஆம் ஆண்டு ரூபாய். இரண்டும் ஏறக்குறைய ஒரே வட்டம், ஒரே எடை. இரண்டிலும் ‘ஒரு ரூபாய்’ என்றே ஆங்கிலத்தில் பொறித்திருக்கிறது. ஆனால் முதலாவதில் நூற்றுக்கு ஏறக்குறைய 92 பங்கு வெள்ளி. இரண்டாவதில் பாதிதான் வெள்ளி. இடையிலே 1940-ஆம் ஆண்டில் வந்த சட்டமே இந்த மாறுதலுக்குக் காரணம்.

வரலாற்று வகுப்பில் இரண்டாம் உலகப் போரைப் பற்றிப் படித்தபோது எங்கள் ஆசிரியை இச்செய்தியைச் சொன்னார்கள். நான் உடனே எழுந்து, “பெயரை வைத்துக்கொண்டு பொருளைக் குறைப்பது ஏமாற்று வேலை அல்லவா, டீச்சர்?” என்று கேட்டுவிட்டேன். பாலில் தண்ணீர் கலப்பவரைத் திட்டுகிறோமே, வெள்ளியில் செம்பைக் கலந்த அரசாங்கத்தை ஏன் விட்டுவைக்க வேண்டும் என்பது என் எண்ணம். ஆசிரியை சிரித்துக்கொண்டே, “ஏமாற்று வேலையானால் ஏமாந்தவர் ஒருவர் இருக்க வேண்டுமே, அவர் யார் என்று கண்டுபிடித்துக்கொண்டு வா” என்றார்கள். அப்படிக் கண்டுபிடிக்கப் போனதன் பலனே இக்கட்டுரை.

முதலில் ரூபாய் என்பது எவ்வளவு வெள்ளி என்று பார்ப்போம். சென்னை மாகாணத்தில் முன்னாளில் வராகன், பணம், காசு என்ற கணக்கே வழங்கிவந்தது. 1818-இல் வெள்ளி ரூபாய் இங்கே அடிப்படை நாணயமாயிற்று. பிறகு 1835-ஆம் ஆண்டுச் சட்டத்தினால் கிழக்கிந்தியக் கம்பெனியின் ஆட்சிப்பகுதி முழுவதற்கும் ஒரே ரூபாய் வந்தது. அதன் எடை 180 கிரெய்ன். அதில் பன்னிரண்டில் பதினொரு பங்கு, அதாவது 165 கிரெய்ன், சுத்த வெள்ளி. நம் கணக்கில் 10.69 கிராம். எஞ்சிய ஒரு பங்கு, காசு தேயாமலிருக்கச் சேர்க்கும் கலப்பு.

180 கிரெய்ன் என்பது சரியாக ஒரு தோலா. ஆகையால் ரூபாய் பணமாக மட்டுமின்றி எடைக்கல்லாகவும் இருந்தது. ஒரு பலம் என்பது மூன்று ரூபாய் எடை. ஒரு வீசை என்பது நூற்று இருபது ரூபாய் எடை. லேகியம் கிண்டும் பக்குவம் சொல்லும்போது “சுக்கு ஒரு ரூபாய் எடை” என்று எங்கள் ஆச்சி இன்றும் சொல்வதன் பொருள் எனக்கு இப்போதுதான் விளங்கிற்று. விலைக்கு என்றல்லவா இத்தனை நாளும் நினைத்திருந்தேன்!

அக்காலத்தில் எவரும் வெள்ளிக் கட்டியை நாணயச் சாலைக்குக் கொண்டுபோய், சிறு கட்டணம் கொடுத்து, ரூபாயாக அடித்து வாங்கலாம். ஆகவே ரூபாயின் மதிப்பும் உள்ளிருக்கும் வெள்ளியின் மதிப்பும் ஒன்றையொன்று ஒட்டியே நடந்தன. இந்த நிலை 1893-ஆம் ஆண்டோடு முடிந்தது. ஜெர்மனி முதலிய நாடுகள் தங்க நாணய முறைக்கு மாறியதாலும், சுரங்கங்களிலிருந்து வெள்ளி ஏராளமாக வந்ததாலும் உலகச் சந்தையில் வெள்ளி விலை சரிந்தது. இந்திய அரசோ இங்கிலாந்துக்கு ஆண்டுதோறும் பவுன் கணக்கில் பணம் கட்ட வேண்டியிருந்தது. ரூபாய் மலிய மலிய, கட்ட வேண்டிய ரூபாயின் தொகை ஏறிக்கொண்டே போயிற்று. எனவே 1893-இல் நாணயச் சாலையின் கதவைப் பொதுமக்களுக்குச் சாத்திவிட்டார்கள். வெள்ளி எவ்வளவு மலிந்தாலும் ரூபாயின் மதிப்பு மட்டும் உயர்த்திப் பிடிக்கப்பட்டது. பதினைந்து ரூபாய்க்கு ஒரு பவுன் என்ற கணக்கு நிலைத்தது.

தோழியரே, இந்த இடத்தைச் சற்று நின்று கவனியுங்கள். நான் இதை முதலில் வேகமாகப் படித்துத் தாண்டிவிட்டேன். பிறகு திரும்பி வரவேண்டியதாயிற்று. 1893-க்குப் பின் ரூபாயில் இருந்த வெள்ளியின் விலை ஒரு ரூபாய்க்குக் குறைவு. ஆனாலும் அது ஒரு ரூபாயாகவே செல்லுபடியாயிற்று. அதாவது, ரூபாயின் மதிப்பில் ஒரு பகுதி வெள்ளியாகவும், மறுபகுதி ‘இது ரூபாய்’ என்ற அரசின் வாக்காகவும் இருந்தது. ராணித் தலை ரூபாயைக் கையில் வைத்திருந்தவர்கள், முழுவதும் வெள்ளியை வைத்திருக்கிறோம் என்றே நம்பினார்கள்.

நாணயத்தின் மேல் மக்களுக்கு இருந்த கூர்மையான கண்ணுக்கு ஓர் எடுத்துக்காட்டு. 1911-இல் வெளிவந்த ஐந்தாம் ஜார்ஜ் மன்னரின் ரூபாயில், அவருடைய அங்கியின் மேல் ஒரு சிறு யானை பொறிக்கப்பட்டிருந்தது. தும்பிக்கை குட்டையாகிப்போய் அது பன்றியைப் போலத் தோன்றிற்று! மக்கள் முகம் சுளித்தனர். ‘பன்றி ரூபாய்’ என்ற பெயரே அதற்கு நிலைத்துவிட்டது. மறு ஆண்டில் யானையைத் திருத்தி வெளியிட்டார்கள். யானையின் தும்பிக்கையைக் கூடக் கவனித்தவர்கள், 1893-இல் கதவு சாத்தப்பட்டதைக் கவனிக்கவில்லை போலும்.

முதல் உலகப் போரின்போது வெள்ளி விலை எதிர்த்திசையில் ஏறிற்று. நோட்டைக் கொடுத்தால் வெள்ளி ரூபாய் தருவதாக அரசு வாக்களித்திருந்தது. தருவதற்கு வெள்ளி இல்லை. 1917-இல் ஒரு ரூபாய் நோட்டு முதன்முதலாக அச்சிடப்பட்டது. 1918-இல் அமெரிக்கா ஒரு சட்டம் இயற்றித் தன் கஜானாவிலிருந்த வெள்ளி டாலர்களை உருக்கி உதவிற்று. உருக்கியவை ஏறத்தாழ 27 கோடி டாலர்கள். அதில் மிகப் பெரும் பகுதி கப்பலேறி வந்து நம் நாட்டு ரூபாயாயிற்று. நம் வீட்டுப் பழைய ரூபாய்களில் அமெரிக்காவின் சுதந்திர தேவி எத்தனை பேர் கரைந்திருக்கிறார்களோ!

இனி 1940-க்கு வருவோம். இரண்டாம் உலகப் போர் தொடங்கி ஓராண்டும் நிறையவில்லை. 1940 ஜூனில் பிரான்ஸ் ஜெர்மனியிடம் வீழ்ந்தது. அடுத்து இங்கிலாந்தும் வீழ்ந்தால் இந்த நோட்டுக்கு என்ன மதிப்பு என்ற அச்சம் நம் நாட்டுக் கடைத்தெருவரை பரவிற்று. மக்கள் நோட்டுகளைத் தூக்கிக்கொண்டு ஓடி வெள்ளி ரூபாயாக மாற்றிப் பானையில் போட்டு மூடினார்கள். கடைகளில் சில்லறை இல்லை. தேவைக்கு மேல் நாணயம் சேர்ப்பது குற்றம் என்று அரசு அறிவித்தது. ஜூலையில் ஒரு ரூபாய் நோட்டு மீண்டும் வந்தது. காந்தியடிகளின் காங்கிரஸ் மந்திரிசபைகள் 1939-இலேயே பதவி துறந்துவிட்டன. கவர்னர் ஜெனரல் அவசரச் சட்டங்களாலேயே பல காரியங்களை நடத்திக்கொண்டிருந்த காலம் அது.

அந்த ஆண்டிலேதான் 1906-ஆம் ஆண்டின் இந்திய நாணயச் சட்டம் திருத்தப்பட்டது. ஒரே மூச்சில் அல்ல. முதலில் கால் ரூபாய்க்கு, பிறகு அரை ரூபாய்க்கு, கடைசியில் முழு ரூபாய்க்கு என்று படிப்படியாகத்தான் வெள்ளி இறக்கப்பட்டது. புதிய கலவை இதுதான்: வெள்ளி 50 பங்கு, செம்பு 40, நிக்கல் 5, துத்தநாகம் 5. எடை மாறவில்லை, அதே 180 கிரெய்ன். ஆனால் சுத்த வெள்ளி 165 கிரெய்னிலிருந்து 90 கிரெய்னாயிற்று. இந்தக் கலவையைக் கள்ளத்தனமாக வார்ப்பவர்களைத் தடுக்க, காசின் விளிம்பைச் சுற்றி நடுவில் ஒரு பள்ளத்தையும் செதுக்கினார்கள். எங்கள் 1944 ரூபாயில் நகத்தை வைத்தால் அந்தப் பள்ளம் தெரிகிறது.

இங்கே ஒரு கணக்கு. பழைய ரூபாய் ஆறில் உள்ள வெள்ளி 6 × 165, அதாவது 990 கிரெய்ன். புதிய ரூபாய் பதினொன்றில் உள்ள வெள்ளி 11 × 90. அதுவும் 990 கிரெய்ன். ஆறு பழைய ரூபாயை உருக்கிச் செம்பும் பிறவும் சேர்த்தால் பதினொரு புதிய ரூபாய்! இந்தக் கணக்கு மீதியின்றி விழுந்தபோது, யாரோ திட்டமிட்டே செய்திருப்பார்களோ என்று எனக்கு ஐயம் வந்தது. பன்னிரண்டில் பதினொன்றைப் பன்னிரண்டில் ஆறாக்கினால் அப்படித்தான் வரும் என்று கணக்கு டீச்சர் சொல்லி என் வியப்பைக் கலைத்துவிட்டார்கள்.

இத்தனையும் ஏட்டில் படித்ததுதானே, கண்ணால் காண வழியுண்டா என்று எங்கள் பௌதிக ஆசிரியையான அருட்சகோதரியிடம் கேட்டேன். ஆர்க்கிமிடீஸ் மன்னரின் கிரீடத்தைச் சோதித்த அதே முறையைச் செய்து பார்க்கச் சொன்னார்கள். காசை நூலில் கட்டித் தராசில் தொங்கவிட்டுக் காற்றில் ஒரு முறையும், நீருக்குள் மூழ்கவிட்டு ஒரு முறையும் நிறுக்க வேண்டும். விக்டோரியா ரூபாய் காற்றில் 11.58 கிராம், நீருக்குள் 1.12 கிராம் குறைந்தது. ஜார்ஜ் ரூபாய் காற்றில் 11.62 கிராம், நீருக்குள் 1.22 கிராம் குறைந்தது. வகுத்துப் பார்த்தால் முதலாவதின் அடர்த்தி 10.3, இரண்டாவது 9.5. வெள்ளியின் அடர்த்தி 10.5, செம்பின் அடர்த்தி 9-க்குச் சற்றுக் குறைவு. தராசுக்கு ராணியும் தெரியாது, மன்னரும் தெரியாது. உள்ளதை உள்ளபடி சொல்லிவிட்டது. (முதல் முறை நூலில் காற்றுக் குமிழி ஒட்டிக்கொண்டு தவறான விடை வந்தது. செய்து பார்க்கும் தோழியர் குமிழியைக் கவனிக்கவும்.)

மன்னர்கள் நாணயத்தில் கலப்பது புதிதன்று. 16-ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்தின் எட்டாம் ஹென்றி தம் வெள்ளிக் காசில் செம்பைக் கூட்டிக்கொண்டே போனார். திருச்சபையோடு அவர் நடத்திய வழக்கு நாம் அறிந்ததே; காசின் வழக்கு பலருக்குத் தெரியாது. அக்காசில் மன்னரின் முகம் நேர் நோக்கி இருந்ததால், தேயத் தேய முதலில் மூக்கு தேய்ந்து செம்பு வெளியே தெரிந்தது. மக்கள் அவருக்குச் ‘செம்பு மூக்கர்’ என்று பட்டம் சூட்டினர். ஹென்றியின் செம்பு மறைவாக நுழைந்தது. 1940-இல் செம்பு சட்டத்தில் எழுதி, அரசிதழில் வெளியிட்டு நுழைந்தது. இந்த வேற்றுமையைச் சிறிதென்று சொல்ல மாட்டேன். ஆனால் அரசிதழ் படிக்கத் தெரிந்தவர் எத்தனை பேர் என்றும் கேட்க வேண்டும்.

ஒரே மதிப்புள்ள இரு காசுகள் புழங்கினால் எல்லாரும் நல்லதை வைத்துக்கொண்டு மட்டமானதையே செலவழிப்பார்கள்; நல்லது மறைந்துபோகும். இதைக் கிரஷாம் விதி என்று பொருளியல் நூல்கள் கூறுகின்றன. அது நிகழாமல் தடுக்க, அரசு பழைய ரூபாய்களைத் திரும்பப் பெறத் தொடங்கிற்று. 1941-இல் விக்டோரியா ரூபாய் செல்லாது என்றாயிற்று. அடுத்த ஆண்டு எட்வர்ட் மன்னரின் ரூபாய். 1943 முடிவதற்குள் இரு ஜார்ஜ் மன்னர்களின் முழு வெள்ளி ரூபாய்களும். குறித்த நாளுக்குள் கஜானாவில் கொடுத்தால் ரூபாய்க்கு ரூபாய் தருவார்கள். ‘ரூபாய்க்கு ரூபாய்’ என்பது கேட்க நேர்மையாகத்தான் இருக்கிறது. 165 கிரெய்ன் உள்ளே போய், 90 கிரெய்னோ அல்லது காகிதமோ வெளியே வரும் என்பதுதான் அதன் பொருள்.

இந்த இடத்தில் எங்கள் பூட்டி கதைக்குள் வருகிறார்கள். பூட்டி என்பது ஆச்சியின் தாயார். தேரிக்காட்டுக் கிராமம் ஒன்றில் பனையோலைப் பெட்டி முடைந்து விற்ற காசில் அவர்கள் இருபத்து நான்கு ராணித் தலை ரூபாய் சேர்த்து, ஓலைக் கொட்டானில் போட்டுக் குலுக்கைக்கு அடியில் வைத்திருந்தார்களாம். நற்செய்தியில் ஒரு பெண், பத்து வெள்ளிக் காசில் ஒன்று தொலைந்ததற்கு விளக்கேற்றி வீடு முழுவதும் பெருக்கித் தேடுகிறாள் அல்லவா? அந்த உவமையைக் கேட்கும்போதெல்லாம் பூட்டி, “ஒண்ணுதான, போனாப் போவுதுன்னு எந்தப் பொம்பளையும் இருக்கமாட்டா” என்பார்களாம்.

ராணி ரூபாய் செல்லாது என்று ஊரில் தமுக்கு அடித்தபோது, பூட்டனார் எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு தாலுகா கச்சேரிக்குப் புறப்பட்டார்கள். சட்டத்துக்குப் பயந்த மனிதர். பூட்டி பதினெட்டை எண்ணிக் கொடுத்துவிட்டு, “அம்புட்டுத்தான்” என்று சொல்லிவிட்டார்கள். (இது பொய்தான். பாவசங்கீர்த்தனத்தில் சொன்னார்களா என்று ஆச்சிக்குத் தெரியவில்லை.) பதினெட்டு ரூபாய்க்கும் புத்தம் புது நோட்டுகள் வந்தன. கிராமமே பூட்டனாரைக் கெட்டிக்காரர் என்றது; தவணை தவறிப் போனவர்களின் ரூபாயைக் கடைக்காரர் கையாலும் தொடவில்லை.

ஆனால் கதை 1941-இல் முடியவில்லை. போர்ச் செலவுக்காக அரசு நோட்டுகளை அச்சடித்துத் தள்ளிற்று. 1939-இல் ஏறத்தாழ 180 கோடி ரூபாயாக இருந்த நோட்டுப் புழக்கம், 1945-இல் 1,100 கோடியைத் தாண்டிவிட்டது. விலைவாசி ஏறிற்று. 1943-இல் வங்காளத்தில் பஞ்சத்தால் இலட்சக்கணக்கான மக்கள் மாண்டனர். இங்கேயும் அரிசி கிடைப்பது அரிதாயிற்று. பூட்டனாரின் பதினெட்டு நோட்டும் அந்த ஆண்டிலேயே அரிசிக்குப் போய்விட்டன. காலணாவிலும் செம்பை மிச்சம் பிடிக்க நடுவில் ஓட்டை போட்டது அந்த ஆண்டுதான். அதே ஆண்டில் வெள்ளியின் விலையும் ஏறி, செல்லாத ராணி ரூபாயின் உள்ளிருந்த வெள்ளியே ஒரு ரூபாய்க்கு மேல் பெறுமானமாயிற்று! சட்டத்தை மதித்துத் தவணைக்குள் கொடுத்தவர் கையில் காகிதம். அறியாமையாலோ பிடிவாதத்தாலோ வைத்துக்கொண்டவர் கையில் வெள்ளி. பூட்டி ஒளித்த ஆறில் ஐந்தை ஆசாரியிடம் கொடுத்துத் தம் மூத்த மகளுக்குத் தண்டை செய்தார்கள். மிஞ்சிய ஒன்றுதான் நான் தண்ணீரில் நிறுத்த காசு.

ஆகவே என் ஆசிரியைக்கு நான் கொண்டுபோன விடை இதுதான். வெள்ளியைக் குறைத்த அன்று சந்தையில் யாரும் ஏமாறவில்லை. புதிய ரூபாய்க்கும் அதே படி அரிசி கிடைத்தது. ஏனெனில் 1893 முதலே ரூபாய் வெள்ளியின் பலத்தில் மட்டும் நிற்கவில்லை. ஏமாந்தவர்கள் பிறகுதான் ஏமாந்தார்கள். வெள்ளிக்குப் பதில் வாக்கை வாங்கிக்கொண்டு வீடு திரும்பியவர்கள் அவர்கள். வாக்கு கொடுத்தவரோ அதே வாக்கை மேலும் மேலும் அச்சடித்து அதன் மதிப்பைக் குறைத்துவிட்டார். வெள்ளியைத் தோண்டித்தான் எடுக்க வேண்டும். நோட்டுக்குத் தாளும் மையும் போதும். ஆசிரியை கேட்டுவிட்டு, “அப்படியானால் வெள்ளி ரூபாயே இருந்திருந்தால் போர்க்காலத்தில் சில்லறைக்கு என்ன செய்திருப்பாய்?” என்று திருப்பிக் கேட்டார்கள். அதற்கு எனக்கு நல்ல விடை அகப்படவில்லை. ஆறு காசு பதினொன்றாகாமல் இருந்திருந்தால் கடைத்தெரு நின்றுபோயிருக்கும் என்பதையும் ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.

மிச்சத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். போர்க்காலத்தில் அமெரிக்கா இந்தியாவுக்கு ஏறத்தாழ 22 கோடி அவுன்ஸ் வெள்ளியைக் கடனாகக் கொடுத்தது. அதைத் திருப்பித் தரவேண்டியிருந்தது. 1946-இல் கால், அரை ரூபாய்களும், 1947-இல் முழு ரூபாயும் வெள்ளியே இல்லாத நிக்கல் காசுகளாயின. அந்த ரூபாயில் ஒரு பக்கம் மன்னர், மறுபக்கம் புலி. திரும்பி வந்த பாதி வெள்ளிக் காசுகளை உருக்கி வெள்ளியைப் பிரித்தெடுத்து, சுதந்திர இந்தியா 1950-களில் அந்தக் கடனைத் தீர்த்தது. இங்கிலாந்து தன் வெள்ளிக் காசை 1920-இல் பாதியாக்கி, 1947 முதல் அறவே நீக்கியது. கடன் கொடுத்த அமெரிக்காவும் தப்பவில்லை. 1965-இல் ஜனாதிபதி ஜான்சன் கையெழுத்திட்ட சட்டத்தினால் 10 சென்ட், 25 சென்ட் காசுகளில் வெள்ளி இல்லாமற்போயிற்று; அரை டாலரில் 90 பங்கிலிருந்து 40 ஆயிற்று. பழைய காசைப் பதுக்குவதில் இலாபமில்லை என்று அவர் சொல்லிப் பார்த்தார். அங்கும் பூட்டிகள் இருந்திருக்கிறார்கள். சில ஆண்டுகளில் வெள்ளிக் காசு கடைவீதியிலிருந்து மறைந்துவிட்டது. நம் நாட்டிலும் காந்தி நூற்றாண்டை ஒட்டி 1969-இல் வந்த 10 ரூபாய் நாணயத்தில் 80 பங்கு வெள்ளி இருந்தது. 1972-இல் சுதந்திர வெள்ளிவிழாவுக்கு வந்த 10 ரூபாயில் அது 50 ஆகிவிட்டது. வெள்ளிவிழாவிலேயே வெள்ளி குறைந்தது வேடிக்கைதான்.

சோதனை முடிந்து காசுகளை ஆச்சியிடம் திருப்பிக் கொடுத்தேன். அடர்த்தி, ஆர்க்கிமிடீஸ் என்று எல்லாவற்றையும் விளக்கினேன். பொறுமையாகக் கேட்டுக்கொண்டிருந்த ஆச்சி, “ஏட்டி, இதுக்கு எதுக்குத் தண்ணி? தரையில போட்டா அதுவே சொல்லிரும்லா” என்று கண்ணை மூடிக்கொண்டு, “ஒண்ணொண்ணாப் போடு” என்றார்கள். சிமெண்டுத் தரையில் ஒன்றைப் போட்டேன். கோயில் மணிபோல நீண்டு ஒலித்தது. “இது எங்கம்மாவோடது.” அடுத்ததைப் போட்டேன். சற்றே ஒலித்து உடனே அடங்கிற்று. “இது சண்டைக்காலத்துக் காசு” என்றார்கள் ஆச்சி, கண்ணைத் திறக்காமலே.